பச்ச கட்டு

நிறவித்தைக்குள் புதிதாக வந்திருக்கும் உங்களுக்கு நாலு வார்த்தை எழுதச் சொன்னார்கள். எனக்குத் தெரிந்த அறிவுரை ஒன்றுதான்: சொல்லுகிறவரை நம்பாதீர்கள். இதை எழுதுகிற என்னையும் சேர்த்துத்தான். ஓய்வுபெற்றவர்கள் எழுதும் அனுபவங்களில் எழுதுகிறவர் எப்போதும் கெட்டிக்காரராக இருப்பார், எதிரில் நிற்பவர் வாயைப் பிளந்துகொண்டு கேட்பார். அப்படி எங்காவது வந்தால் அந்த இடத்தில் பென்சிலால் ஒரு கோடு போட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

நான் வ. புதுப்பட்டிக்காரி. தாவரவியல் படித்துவிட்டு, சாயம் தரும் செடிகளை ஆராயப் போய், வழி தவறி இந்த வித்தைக்குள் விழுந்தவள். ஸ்ரீவில்லிப்புத்தூரில் ஒரு மாடி அறையை வாடகைக்குப் பிடித்துக்கொண்டு, ஊர் ஊராகச் சேர்த்த கயிறுகளையும் துணிகளையும் வைத்துப் படித்துக்கொண்டிருந்தேன். ஊரில் எனக்குக் கலர் டீச்சர் என்று பெயர் விழுந்துவிட்டது. டிராயிங் சொல்லித் தருவேன் என்று நினைத்துப் பிள்ளைகளைக் கையோடு கூட்டி வந்தவர்கள் உண்டு. அவர்களில் இரண்டு பேருக்கு டிராயிங்கே சொல்லிக் கொடுத்தும் இருக்கிறேன், கயிறு பார்ப்பதைவிட அது நிம்மதியான வேலை.

எனக்கு இந்த வித்தையைக் கற்றுக்கொடுத்தவர் பெயரைச் சொல்ல மாட்டேன், அவருக்கே அது பிடிக்காது. அழைத்த வீட்டில் அவர் காபி குடிக்க மாட்டார். ஒரு டம்ளர் காபி குடித்தால் அந்த வீட்டுக்காரர்மேல் சந்தேகம் பாதியாகக் குறைந்துவிடும் என்பார். நானும் அதையே பிடித்துக்கொண்டேன். ராஜபாளையம் பக்கத்தில் ஒரு வீட்டில் காபி வேண்டாம் என்று சொல்வது எப்பேர்ப்பட்ட அவமரியாதை என்பது உங்களுக்கே தெரியும். எத்தனையோ வீடுகளில் என்னைப் பற்றிய முதல் கெட்ட அபிப்பிராயம் அந்த டம்ளரிலிருந்துதான் ஆரம்பித்தது.

நம்மிடம் வருகிற பத்தில் ஒன்பது வழக்குகளில் வித்தையே இருக்காது. எங்கள் ஊரிலேயே விவசாயம் பார்க்கிற ஒரு சம்சாரி, தன் பம்புசெட் கதவில் எவனோ செந்துணி கட்டிவிட்டான், கிணறு வற்றப்போகிறது என்று பங்காளி வீட்டோடு பேச்சுவார்த்தையை நிறுத்தியிருந்தார். போய்ப் பார்த்தேன். கம்பி ஏற்றிப் போன டிராக்டரின் பின்னால் அபாயத்துக்காகக் கட்டிய துணி அவிழ்ந்து விழுந்திருக்கிறது. யாரோ நல்ல மனுஷர் அதை எடுத்து, உரியவர் தேடி வருவார் என்று கதவில் கட்டி வைத்திருக்கிறார். இதைச் சொன்னபோது அவருக்கு என்மேல் வந்த கோபம் பங்காளிமேல்கூட வந்திருக்காது. சந்தேகப்பட்டு வருகிறவர்களிடமிருந்து சந்தேகத்தைப் பிடுங்கினால் அப்படித்தான் ஆகும், பழகிக்கொள்ளுங்கள்.

மீதி இருக்கும் அந்த ஒன்றைப் பற்றித்தான் எழுத வந்தேன். அதற்கு முன் சில விதிகள். உங்களுக்குத் தெரிந்தவைதான், இருந்தாலும் சொல்லிவிடுகிறேன். கட்டிய நிறம், கட்டிய கையிலிருந்து எடுத்து, கட்டிக்கொண்ட உடம்புக்குக் கொடுக்கும். பச்சைக் கட்டு என்றால் உயிர்ச்சத்து போகும். கட்டிக்கொண்டவர் தனக்குக் கட்டியது யார் என்று வாய்விட்டுச் சொன்னால் முடிச்சு செத்துவிடும், அதனால் கேட்டுத் தெரிந்துகொள்ள வழியே கிடையாது. தூங்குகிறவர் விரலைப் பிடித்து அவருக்குத் தெரியாமல் முடிச்சு போடுவது கள்ளக்கட்டு. அதை அறுத்துத்தான் தீர்க்க வேண்டும். மனசறிந்து கட்டியதென்றால் அறுக்கக் கூடாது. அறுத்தால் அது எதைத் தாங்கிக்கொண்டிருக்கிறதோ அதுவும் விழும். அதே கை மஞ்சளால் மேலே இன்னொரு முடிச்சு போட வேண்டும். கொடுத்தது அப்படியே இருக்கும், இனிமேல் கொடுப்பது மட்டும் நின்றுபோகும்.

நான் கடையைக் கட்டுவதற்குச் சற்று முந்தின காலம் அது. ராஜபாளையத்திலிருந்து ராஜம் என்று ஒரு பெண் போன் செய்தார். பெயர்களை எல்லாம் மாற்றித்தான் எழுதுகிறேன். “எங்கம்மாவுக்குப் பச்சைக் கட்டு டீச்சர். யாரு செஞ்சதுன்னும் தெரியும். நீங்க வந்து அறுத்து விட்டாப் போதும்” என்றார். வியாதியையும் மருந்தையும் தானே முடிவு செய்துவிட்டுக் கையெழுத்துக்கு மட்டும் டாக்டரைத் தேடுகிறவர்கள் இருக்கிறார்களே, அந்த ரகம். எனக்கு அப்போதே ராஜம்மேல்தான் முதல் சந்தேகம் விழுந்தது.

காலை பஸ்ஸில் போனேன். முன்பக்கம் பேண்டேஜ் துணி மடிக்கிற யூனிட், பின்பக்கம் வீடு. எங்கே பார்த்தாலும் வெள்ளைத் துணி, வெளுக்கிற மருந்தின் வாடை. தெலுங்கு பேசும் குடும்பம். ராஜத்தின் அம்மாவைப் பெரியம்மா என்றே சொல்கிறேன், அவருக்கு ஒரு மகள், ஒரு மகன். மகள்தான் ராஜம், இரண்டு தெரு தள்ளி வாழ்க்கைப்பட்டவர். மகன் யூனிட்டைப் பார்த்துக்கொள்கிறார். அவர் மனைவி கனகா, தேவதானத்துப் பெண். தமிழ் வீடு, விரும்பிச் செய்துகொண்ட கல்யாணம்.

நடந்தது இதுதான். கனகாவுக்கு முன்பு இரண்டு தடவை கரு தங்காமல் போயிருந்தது. மூன்றாவது தடவை உண்டாகி, இந்தத் தடவை நிற்கிறது என்று டாக்டரம்மா சொன்ன அதே மாதம் மாமியார் அடுப்படியில் விழுந்துவிட்டார். வலது கை, வலது கால் இரண்டும் போயின, பேச்சும் போயிற்று. ரத்தக் கொதிப்பு என்று மதுரை டாக்டர் சொன்னார். நான் அதை மறுக்கப் போவதில்லை. பேச்சு கொஞ்சம் கொஞ்சமாக வரும், சிறு வயதில் பேசியது முதலில் வரும் என்றும் அவரே சொல்லியிருக்கிறார். அப்படியே வந்தும் விட்டது. வந்தது இரண்டே வார்த்தை. பச்ச கட்டு.

நான் கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து என் காதாலேயே கேட்டேன். மகன் வந்தபோது பெரியம்மா சும்மா பார்த்துக்கொண்டிருந்தார். ராஜம் வந்தபோது வாய் லேசாக அசைந்தது. கனகா கஞ்சியோடு உள்ளே நுழைந்ததும் இடது கையைத் தூக்கி, அவளை நேராகக் காட்டி, “பச்ச கட்டு. பச்ச கட்டு” என்று மூச்சு வாங்கச் சொன்னார். கனகா கஞ்சியை ஸ்டூலில் வைத்துவிட்டு வெளியே போய்விட்டாள். ராஜம் என்னைப் பார்த்த பார்வையில் இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும் என்று இருந்தது. எனக்குமே அது சாட்சியாகத்தான் பட்டது, பொய் சொல்லவில்லை.

ராஜத்தின் கணக்கு தெளிவாக இருந்தது. கனகா தோளில் ரவிக்கைக் கைக்குள் பச்சைக் கயிறு கட்டியிருக்கிறாள். குளிக்கும்போது ராஜம் பார்த்திருக்கிறார். அம்மா மத்தியானத்தில் அசந்து தூங்குகிறவர். தூக்கத்தில் அம்மா விரலைப் பிடித்து முடி போட்டு, அம்மாவின் சத்தைத் தன் வயிற்றுக்கு இழுத்துக்கொண்டாள். அம்மா வாய் திறந்ததும் அதைத்தான் சொல்லுகிறாள். கனகாவின் அப்பாவுக்குப் போன் போட்டாயிற்று, மத்தியானத்துக்குள் வண்டி எடுத்துக்கொண்டு வந்து அவளைக் கூட்டிப் போய்விடுவார். போவதற்கு முன் கயிற்றை அறுத்துவிட வேண்டும்.

“அறுத்தா அவ வயித்துல இருக்கிறது என்ன ஆகும்னு தெரியுமா?” என்று கேட்டேன்.

“தெரியும் டீச்சர்” என்றார் ராஜம். கண் கலங்கியிருந்தது. “எனக்கும் ரெண்டு பிள்ள இருக்கு, நான் ராட்சசி இல்ல. ஆனா அது எங்கம்மா. நாளுக்கு நாள் கரைஞ்சுகிட்டே போறாக. யாரக் காப்பாத்தணும்னு நீங்களே சொல்லுங்க.”

இதற்குத்தான் நான் அஞ்சினேன். கெட்டவர் ஒருவரை எதிரில் நிறுத்திவிட்டால் நம் வேலை சுலபம். அந்த வீட்டில் எனக்கு அந்த வசதியே கிடைக்கவில்லை. தீர்ப்பு என் வாயில் இருந்தது. கள்ளக்கட்டு என்றால் கத்தரி, பிள்ளை போகும். மனசறிந்த கட்டு என்று தவறாகச் சொல்லி விட்டுவிட்டால் பெரியம்மா கரைவது நிற்காது.

மகனைத் தனியாகக் கூப்பிட்டேன். அவர் மடித்த துணியை விரித்து மறுபடி மடித்துக்கொண்டே பேசினார். அக்கா சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்றார், கனகா அப்படிப்பட்டவள் இல்லை என்றார், எனக்கு ஒன்றும் புரியவில்லை என்றார். மூன்றையும் ஒரே மூச்சில் சொன்னார். இவருக்கு எல்லாம் தெரிந்து மறைக்கிறாரா என்று கொஞ்ச நேரம் குடைந்தேன். கடைசியில், இரண்டு பெண்களுக்கு நடுவில் மாட்டிக்கொண்ட சாதாரண ஆம்பிளை என்று விட்டுவிட்டேன். அந்தச் சந்தேகம் வீண்தான், ஆனால் சந்தேகப்பட்டு முடித்த பிறகுதான் வீண் என்று தெரியும்.

கனகா துணிக்கட்டுகள் அடுக்கிய அறையில் இருந்தாள். என்னைக் கண்டதும் இடது தோளைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். கயிறு இருக்கிறதா என்று கேட்டேன், இருக்கிறது என்றாள். காட்டு என்றேன், மாட்டேன் என்றாள். அத்தை தூங்கும்போது அவர் பக்கத்தில் போய் உட்காருவாயா என்று கேட்டதற்கு, உட்காருவேன் என்றாள். எதற்கு என்றதும் துணிக்கட்டுகளை நேராக அடுக்க ஆரம்பித்தாள். கேட்கக் கூடாத கேள்வியையும் கேட்டேன், அவள் முகம் எப்படி மாறுகிறது என்று பார்ப்பதற்காக.

“யாரு கட்டுனது?”

“தெரியாது.”

“உன் தோள்ல கட்டுனது யாருன்னு உனக்குத் தெரியாதா?”

“கேக்காதீங்கம்மா” என்றாள். “நீங்க என்ன வேணும்னாலும் சொல்லிட்டுப் போங்க. அறுத்தா எம்பிள்ள போயிரும். அது மட்டுந்தான் எனக்குத் தெரியும்.”

விதியைத் தெரிந்து வைத்திருக்கிறாள். அது எனக்குப் பிடிக்கவில்லை. விதி தெரிந்தவள்தான் கள்ளக்கட்டும் போடத் தெரிந்தவள். அவள் பயத்தில் மறைக்கிறாளா, குற்றத்தில் மறைக்கிறாளா என்று அந்த முகத்தில் கண்டுபிடிக்க முடியவில்லை. இரண்டுக்கும் முகம் ஒன்று போலத்தான் இருக்கும். யாராவது உங்களிடம் முகத்தைப் பார்த்தே சொல்லிவிடுவேன் என்று பீற்றினால் அவரிடம் வேலை கற்கப் போகாதீர்கள்.

மறுபடி கட்டிலுக்கு வந்தபோது கத்தரி ஸ்டூலில் தயாராக இருந்தது. தம்பியை எடுத்துவரச் சொல்லி ராஜமே வைத்திருக்கிறார். கனகாவின் அப்பா தேவதானம் ரோட்டில் வந்துகொண்டிருக்கிறார் என்று போன் வந்தது. சிலைமாதிரி நிற்காமல் சொல்லுங்கள் என்பதுபோல எல்லாரும் என் வாயையே பார்த்தார்கள்.

அந்த நேரம் பார்த்துப் பக்கத்து வீட்டு அம்மா நோயாளியைப் பார்க்க வந்தார். ரொம்ப வயசானவர், பெரியம்மாவோடு ஒன்றாக வளர்ந்தவராம். வீட்டில் நடப்பது எதுவும் அவருக்குத் தெரியாது. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து பெரியம்மாவின் காலைப் பிடித்துவிட்டபடி தெலுங்கில் தன் பாட்டைச் சொல்ல ஆரம்பித்தார். எனக்குத் தெலுங்கு அரைகுறை. பேரன் பிறந்திருக்கிறான் என்று புரிந்தது. அப்புறம், “மனவடிகி பச்ச காமெர்லு” என்று சொல்லி உச்சுக்கொட்டினார்.

“என்ன சொல்லுதாக?” என்று ராஜத்திடம் மெல்லக் கேட்டேன். ஆர்வத்தில் கேட்கவில்லை. தீர்ப்பைத் தள்ளிப்போட ஒரு சாக்கு வேண்டியிருந்தது.

“பேரப்பிள்ளைக்கு மஞ்சக்காமாலையாம் டீச்சர். லைட்டுக்கு அடியில வச்சிருக்காகளாம்.”

“திரும்பச் சொல்லுங்க. என்ன காமாலை?”

“மஞ்சக்காமாலை.”

“அவுக பச்சன்னுல்ல சொன்னாக?”

ராஜம் எரிச்சலோடு, அது அந்த நோவுக்குப் பெயர் அப்படி என்றார். உங்கள் தெலுங்கில் பச்ச என்றால் என்ன நிறம் என்று கேட்டேன். பச்சைதான், கிரீன்தான், வேறென்ன என்றார். சொல்லி வாயை மூடவில்லை, அவர் முகம் மாறிவிட்டது. பக்கத்து வீட்டு அம்மாவிடம் திரும்பித் தெலுங்கில் ஏதோ கேட்டார். அந்த அம்மா சிரித்துவிட்டு நீளமாகப் பதில் சொன்னார். ராஜம் அதை எனக்குத் தமிழில் சொல்ல ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டார்.

“அவுக சின்னப் பிள்ளையா இருக்கும்போது மஞ்சளத்தான் பச்சன்னு சொல்லுவாகளாம். கிரீனுக்கு ஆகுபச்ச. எலைப் பச்சைன்னு அர்த்தம். நாங்கெல்லாம் பள்ளிக்கூடத்துல தமிழ் படிச்சு, பச்சன்னா பச்சைன்னே பேசிப் பழகிட்டோம். அம்மாவும் எங்ககிட்ட அப்பிடித்தான் பேசுவாக.”

உடம்பு நன்றாக இருந்தவரை பெரியம்மாவும் எல்லாரையும் போலத்தான் பேசியிருக்கிறார். இப்போது திரும்பி வந்திருப்பது சிறு வயசுப் பேச்சு. கட்டு என்பது எனக்குப் பெயர்ச்சொல், ராஜத்துக்கும் அப்படித்தான் கேட்டிருக்கிறது. இரண்டு மொழியிலும் அது ஏவலும்தானே. கட்டு என்றால் கட்டு, முடி போடு. பெரியம்மா குற்றம் சாட்டவில்லை, மஞ்சளைக் கட்டு என்று சொல்லிக்கொண்டிருக்கிறார்.

இந்த இடத்தில் நான் துள்ளிக் குதித்தேன் என்று எழுதினால் நீங்கள் கோடு போட வேண்டும். எனக்குச் சந்தேகம்தான் கூடியது. அழகாகப் பொருந்துகிற விளக்கம் எப்போதும் யாருக்கோ வசதியாக இருக்கும். இது எனக்கே வசதியாக இருந்தது, கத்தரியைத் தொட வேண்டாமே. அதனால் சோதிக்க வேண்டும் என்றேன். யூனிட்டிலிருந்து வெள்ளை நூல் வந்தது, தையல் பெட்டியிலிருந்து பச்சை நூல் வந்தது, வெள்ளை நூல் ஒன்றை மஞ்சள் அரைத்துத் தோய்த்தோம்.

நான் வைத்தால் நான் சாய்த்து வைத்தேன் என்பார்கள், அதனால் ராஜத்தையே பெரியம்மாவுக்கு முன்னால் மூன்றையும் வைக்கச் சொன்னேன். பச்ச ஏதி, அதாவது பச்ச எது என்று அவரே கேட்டார். பெரியம்மாவின் இடது கை நேராக மஞ்சள் நூலுக்குப் போயிற்று. மகன் பெருமூச்சு விட்டார். நான் போதாது என்றேன். வலது பக்கம் விழுந்தவர்களுக்கு வலப்புறம் இருப்பது கண்ணில் படாமலே போவதுண்டு. மஞ்சள் இடது ஓரத்தில் இருந்தது, கைக்கு அருகில் இருந்ததை எடுத்திருக்கலாம். மஞ்சளை வலது கோடியில் வைத்து மறுபடி கேட்கச் சொன்னேன்.

பெரியம்மா ரொம்ப நேரம் பார்த்தார். கை தயங்கித் தயங்கி நகர்ந்தது. முதலில் பச்சையின் மேல் போய் நின்றது. வாசல் பக்கம் நின்றிருந்த கனகா கண்ணை மூடிக்கொண்டாள். பெரியம்மா தலையை மெதுவாக வலது பக்கம் திருப்பி, பச்சையைத் தாண்டிக் கையை இழுத்துக்கொண்டு போய், மஞ்சளை எடுத்தார். எடுத்ததை விடவில்லை. கனகாவைப் பார்த்து நீட்டினார்.

“பச்ச கட்டு.”

கனகா வந்து கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தாள். யாரும் சொல்லாமலே ரவிக்கைக் கையை மேலே ஏற்றினாள். பச்சைக் கயிறு சாயம் மங்காமல் ஈரமாக இருப்பதுபோலப் பளபளவென்று இருந்தது, உயிரோடு இருந்த கட்டுதான். நான் முடிச்சைப் பார்ப்பதற்கு முன்னால் ராஜம் பார்த்துவிட்டார். குனிந்து, விரல் படாமல் பார்த்தார்.

பெரியம்மா கல்யாணத்துக்கு முன் நூல்மில்லில் வேலை பார்த்தவர். அறுந்த நூலைத் திரும்ப முடி போட்டு ஓட்டுகிற வேலை. அந்த முடிச்சு கடுகைவிடச் சின்னதாக, தட்டையாக இருக்கும். இரண்டு கை விரலும் முழுக் கவனத்தோடு ஓடினால்தான் அது விழும். தூங்குகிறவர் விரலைப் பிடித்து அப்படி ஒரு முடிச்சைப் போட எந்தக் கள்ளனாலும் முடியாது.

“இது எங்கம்மா முடிச்சு” என்றார் ராஜம். அப்புறம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். “எனக்குப் பாவாட நாடாவுக்கு இதத்தான் போட்டு விடுவாக.”

கனகா அப்போதும் ஒன்றும் சொல்லவில்லை, உதட்டை மட்டும் கடித்துக்கொண்டிருந்தாள். சொல்லக் கூடாது என்பது விதி. பெரியம்மா மனசறிந்துதான் கொடுத்திருக்கிறார். பிள்ளை நின்றதும் மஞ்சள் போட்டு நிறுத்திக்கொள்ளலாம் என்று இருந்திருப்பார். அதற்குள் விழுந்துவிட்டார். பேச்சு திரும்பியதிலிருந்து கனகாவிடம் அதைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறார், எல்லாரும் அதைக் கனகாமேல் குற்றமாகக் கேட்டுக்கொண்டிருந்தோம்.

இன்னும் ஒரு சிக்கல் இருந்தது. கட்டிய கைதான் மஞ்சளையும் கட்ட வேண்டும், அந்தக் கைகளில் ஒன்று அசையவில்லை. பெரியம்மா இடது கையால் நூலைக் கயிற்றின் மேல் சுற்றிவிட்டார். முடி விழவில்லை. மறுபடி சுற்றினார். மகன் தான் பிடித்துக்கொள்வதாக வந்தார், அவருக்கு அந்த முடிச்சே தெரியாது. அந்த முடிச்சு தெரிந்த வேறு ஒரே ஆள் ராஜம்தான். அம்மாவின் வலது கைக்குப் பதிலாக உங்கள் வலது கையைக் கொடுங்கள் என்றேன்.

ராஜம் கையை நீட்டப் போனார், நிறுத்தினார். “மஞ்சளுக்கும் கைதானே டீச்சர் கணக்கு. எங்கை சேர்ந்தா எங்கிட்டருந்தும் போகுமா?”

“போகாதுன்னுதான் படிச்சிருக்கேன்.”

“நீங்க பார்த்திருக்கீங்களா?”

இந்தக் கேள்வியை உங்களிடமும் ஒரு நாள் கேட்பார்கள். கொஞ்சம் தைரியமாக ஆமாம் என்று சொல்லிவிட்டால் வேலை முடிந்துவிடும், வீடும் நிம்மதியாகும். என் நாக்கு நுனிவரை அது வந்தது.

“இல்ல” என்றேன். “ரெண்டு பேர் கை சேர்ந்து மூடுனத நான் பார்த்தது கிடையாது. எனக்குத் தெரியாது.”

ராஜம் தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கும் இரண்டு பிள்ளைகள், அவர்களை நினைத்திருப்பார். வெளியே ஒரு வண்டி வந்து நிற்கும் சத்தம் கேட்டது. கையை முந்தானையில் துடைத்தார். அம்மாவின் இடது கைக்குப் பக்கத்தில் தன் வலது கையைக் கொண்டுபோய் வைத்தார்.

அம்மா பிடிக்க, மகள் வளைக்க, அம்மா இழுக்க, மகள் இறுக்க, முடிச்சு விழுந்தது. கனகா தோளைக்கூட அசைக்கவில்லை. எல்லாரும் பெரியம்மாவைப் பார்த்தோம். அவர் முடிச்சைக் கட்டைவிரலால் ஒரு தடவை தடவிப் பார்த்து, புருவத்தைச் சுருக்கி, அத்தனை மாதத்தில் முதல் தடவையாகப் புதிதாக ஒரு வார்த்தை சொன்னார்.

“லூசு.”

ராஜம் அழுதுகொண்டே சிரித்தார். சிரித்துக்கொண்டே அவிழ்த்து, இருவருமாக இன்னொரு தடவை போட்டார்கள். இந்தத் தடவை பெரியம்மா குறை சொல்லவில்லை. கனகாவின் அப்பா வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, மகளைத் திட்டப்போகிறார்களோ என்று பயந்த முகத்தோடு உள்ளே வந்தார். அவருக்குக் காபி வந்தது. எனக்கும் வந்தது, நான் வேண்டாம் என்றேன். மகன் கத்தரியை எடுத்துக்கொண்டு யூனிட்டுக்குப் போனார்.

மஞ்சள்தான் வேலை செய்ததா என்று கேட்பீர்கள். பெரியம்மா மதுரை டாக்டர் மாத்திரையையும் வேளை தவறாமல் சாப்பிட்டார், கனகாவும் அன்றிலிருந்து டாக்டரம்மா சொன்னபடி கட்டிலைவிட்டு இறங்காமல் இருந்தாள். ராஜத்துக்கு எதுவும் ஆகவில்லை, அல்லது இன்னும் ஆகவில்லை. எனக்குத் தெரியாது. தெரியும் என்று யார் சொன்னாலும் அவரை நான் சந்தேகப்படுவேன்.

பிள்ளை நாள் நிறைந்து பிறந்தது. பெயர் வைக்கிற அன்று அவர்கள் என்னைக் கூப்பிடவில்லை. நம்மைப் போன்றவர்களை நல்ல காரியத்துக்கு யாரும் கூப்பிட மாட்டார்கள், அது சரிதான். அன்று சாயங்காலம் ராஜத்தின் நம்பரிலிருந்து வாட்ஸப்பில் ஒரு படம் வந்தது, கூட ஒரு எழுத்துகூட இல்லை. பச்சைப் பிள்ளையின் மணிக்கட்டு, அதில் மஞ்சள் தோய்த்த நூல். மில் முடிச்சுதான், ஆனால் நூல் வால் கொஞ்சம் நீளமாக விட்டிருந்தது, பெரியம்மா போட்டிருந்தால் அப்படி விட்டிருக்க மாட்டார். நான் எல்லாரிடமும் எல்லாவற்றையும் கேட்கிறவள். அதைக் கட்டியது யார் என்று நான் கேட்கவில்லை.